மைன்கிராஃப்ட்டில் முதல் துணை யார்: நாயா, பூனையா, குதிரையா, கிளியா, நரியா?

மைன்கிராஃப்ட் என்ற கணினி விளையாட்டில் சர்வைவல் (உயிர்பிழைத்து வாழ வேண்டிய ஆட்டமுறை) உலகம் ஒன்றைப் புதிதாகத் தொடங்கியவர்கள் மூன்றாம் நாளோ நான்காம் நாளோ கேட்கும் கேள்வி இது. கையில் ஏழெட்டு எலும்பு சேர்ந்துவிட்டது, பக்கத்துக் காட்டில் ஓநாய் நிற்கிறது, இதையே பழக்கி நாயாக்கிவிடலாமா, இல்லை கிராமத்துப் பூனைக்காகப் பொறுத்திருக்கலாமா? இன்னொருவருக்குத் தோளில் கிளியை வைத்துக்கொண்டு நடக்க ஆசை. வேறொருவர் நரிதான் வேண்டும் என்று அடம்பிடித்து, அதற்காகவே பனிக்காட்டில் வீடு கட்டுகிறார்.

எல்லோருக்கும் நான் திருப்பிக் கேட்பது ஒன்றுதான்: நீங்கள் அதிக நேரம் வீட்டில் இருக்கிறீர்களா, குகையில் இருக்கிறீர்களா, ஊர் சுற்றுகிறீர்களா? ஏனென்றால் பழக்குவது இரண்டு நிமிட வேலை. அப்புறம் அதை எப்போது உட்கார வைப்பது, எங்கே உட்கார வைப்பது, எங்கே கூட்டிப்போகவே கூடாது என்பதில்தான் பாதிப் பேர் கோட்டை விடுகிறார்கள். நானும் விட்டிருக்கிறேன், அதைக் கீழே சொல்கிறேன்.

## எதை வைத்து அளப்பது

நான் பார்ப்பது ஐந்து விஷயங்கள். பிடிக்க எவ்வளவு அலைய வேண்டும். பழக்க என்ன செலவாகும். நாம் நடந்தால் தானாகப் பின்னால் வருமா, இல்லை இழுத்துக்கொண்டு போக வேண்டுமா. அடி விழுந்தால் எவ்வளவு தாங்கும். கடைசியாக, நமக்கு அதனால் என்ன லாபம்.

இதில் மூன்றாவதைத்தான் யாரும் யோசிப்பதில்லை. நாய், பூனை, கிளி மூன்றும், நாம் அவற்றைவிட்டு ஒரு டஜன் பிளாக் (இந்த உலகம் கட்டப்பட்ட கட்டி, தூரத்துக்கும் அதுவே அளவு) தள்ளிப் போனதும், இருந்த இடத்திலிருந்து மறைந்து நம் பக்கத்தில் வந்து குதிக்கும். குதிரையும் நரியும் அப்படி வராது. கேட்டால் பின்னால் வருவது நல்லதுதானே என்று தோன்றும். பாறை விளிம்பில் நிற்கும்போது அப்படித் தோன்றாது.

கீழே உள்ள எண்கள் ஆட்டத்தின் ஜாவா பதிப்புக்கு. பெட்ராக் என்ற இன்னொரு பதிப்பில் சில மாறும்.

| துணை | எங்கே | பழக்கும் வழி | தானாகப் பின்னால் வருமா | உயிர் (இதயம்) |
|---|---|---|---|---|
| நாய் | காடு, டைகா (ஊசியிலைக் காடு) | எலும்பு, ஒவ்வொன்றுக்கும் 3-ல் 1 வாய்ப்பு | வரும் | 20 |
| பூனை | கிராமம், சதுப்புநிலச் சூனியக்காரி குடிசை | சமைக்காத காட் அல்லது சால்மன் மீன், 3-ல் 1 | வரும் | 5 |
| குதிரை | புல்வெளி, சவானா | ஏறி ஏறி விழ வேண்டும் | வராது | 7½ முதல் 15 வரை |
| கிளி | அடர்காடு | விதை, 10-ல் 1 | வரும் | 3 |
| நரி | டைகா | இரண்டு காட்டு நரிகளை இணைசேர்த்துக் குட்டியை எடுக்க வேண்டும் | வராது | 5 |

## நாய்

எல்லோரும் முதலில் கை வைப்பது இதில்தான். காரணமும் இருக்கிறது: எலும்புக்காகத் தனியாக அலைய வேண்டியதில்லை, ராத்திரி ஸ்கெலிட்டன்களோடு (வில் ஏந்திய எலும்புக்கூடுகள்) சண்டை போட்டாலே சேர்ந்துவிடும். சராசரியாக 3 எலும்பில் மசியும் என்பது கணக்கு. ஆனால் 10 எலும்பும் வீணாகப் போவது நூறு பேரில் ஒன்றிரண்டு பேருக்கு நடக்கத்தான் செய்யும், அந்த ஒருவர் நீங்களாக இருந்தால் ஆட்டத்தைக் குறை சொல்லாதீர்கள். ஒரு எச்சரிக்கை: கை தவறிக்கூட ஓநாயை அடித்துவிடாதீர்கள். அடிபட்ட ஓநாய் கண் சிவந்து பாயும், பக்கத்தில் இருக்கும் கூட்டமும் சேர்ந்துகொள்ளும், கோபத்தில் இருக்கும்வரை எலும்பைக் கண்டுகொள்ளாது.

முன்பெல்லாம் பழக்கிய நாய்க்கு 10 இதயம்தான். 2024 ஏப்ரலில் வந்த 1.20.5 என்ற ஆட்டப் பதிப்பு அதை 20 ஆக்கியது. ஓநாயில் புதிதாக எட்டு வகைகளும், நாய்க்குப் போடும் கவசமும் அதோடுதான் வந்தன. நீங்கள் எதை அடித்தாலும் நாய் அதன் மேல் பாயும், உங்களை எது அடித்தாலும் அதன் மேலும் பாயும். விதிவிலக்கு, அருகில் வந்து வெடிக்கும் எதிரியான க்ரீப்பர், அதைத் தொடாது. ஸ்கெலிட்டன் நாயைக் கண்டாலே பின்வாங்கும். சாப்பாட்டுச் செலவு என்று ஒன்றும் இல்லை, நமக்கு வயிற்றைக் கலக்கும் அழுகிய மாமிசம் நாய்க்கு ஒன்றும் செய்யாது, ஜாம்பிகளை அடித்துச் சேரும் குப்பையெல்லாம் அதன் மருந்துதான். வாலைப் பாருங்கள்: நிமிர்ந்திருந்தால் தெம்பாக இருக்கிறது, தொங்கினால் உடனே தீனி போடுங்கள்.

இனி மறைவான செலவு. கவசத்துக்கு ஆர்மடில்லோ என்ற ஓடுள்ள பிராணியின் 6 ஓட்டுத் துண்டுகள் வேண்டும். ஆர்மடில்லோ சவானாவிலும், பேட்லேண்ட்ஸ் என்ற செம்மண் வறட்டுநிலத்திலும்தான் இருக்கும். அது தானாக உதிர்க்கும்வரை உட்கார்ந்திருக்கலாம், அவசரமென்றால் பிரஷ்ஷால் தேய்த்து எடுக்கலாம். ஒரு பிரஷ் நான்கு தேய்ப்பில் உடைந்துவிடும், ஆக ஒரு கவசத்துக்கு இரண்டு பிரஷ். இறகு, செம்பு, குச்சி இருந்தால் பிரஷ் செய்துவிடலாம், பெரிய செலவில்லை. ஆனால் சவானா ஆயிரம் பிளாக் தள்ளி இருந்தால் அந்தப் பயணமே ஒரு நாள் வேலை. செய்து போட்டுவிட்டால் கவசம் உடையும்வரை வெட்டு, குத்து, அம்பு எல்லாவற்றையும் அதுவே வாங்கிக்கொள்ளும்.

என் நாய்க்குக் கவசம் கிடையாது. பேர் மணி. டீப்ஸ்லேட் என்ற கரும்பாறை இருக்கும் ஆழத்தில் வைரம் தேடிக்கொண்டிருந்தேன். லாவா (எரிமலைக் குழம்பு) ஏரி ஓரமாக ஒரு பிளாக் அகலத்தில் திண்ணை மாதிரி ஒரு விளிம்பு, அதில் நான் முன்னால், மணி பின்னால். அந்தப் பக்கத்திலிருந்து ஒரு ஸ்கெலிட்டன் அம்பு விட்டது, என் தோளில் பட்டது. நாய் என்ன செய்ய வேண்டுமோ அதைச் சரியாகச் செய்தது: எதிரியை நோக்கி ஒரே தாவல். நடுவில் லாவா. சாட்டில் "மணி லாவாவில் நீந்தப் பார்த்தது" என்ற அர்த்தத்தில் ஒரு வரி வந்தது, அவ்வளவுதான். கையில் அப்போதும் அரை அடுக்கு (32) அழுகிய மாமிசம் இருந்தது.

ஆகவே நாய் யாருக்கு என்றால், தரைக்கு மேலே ராத்திரியும் நடமாடுகிறவர்களுக்கு, சண்டை பிடிக்கிறவர்களுக்கு, திறந்த வெளியில் வேலை செய்கிறவர்களுக்கு. ஆழத்துக்குச் சுரங்கம் போகிறவர்கள் நாயை மேலேயே உட்கார வைத்துவிட்டுப் போகட்டும். பத்து நாய் வளர்த்துப் படை திரட்டலாமா என்று கேட்பவர்களும் உண்டு. இறைச்சி போட்டால் குட்டி போடும், 20 நிமிடத்தில் வளர்ந்துவிடும், திரட்டலாம்தான். ஆனால் பத்தும் ஒன்றை ஒன்று இடித்துத் தள்ளிக்கொண்டு உங்கள் காலடியிலேயே நிற்கும், எதிரியை வெட்டப்போய் உங்கள் நாயை வெட்டுவீர்கள். இரண்டு போதும்.

## பூனை

பூனை சண்டை போடாது. அதனால் பலர் அதைப் பொம்மையாக நினைத்துத் தள்ளிவிடுகிறார்கள், தப்பு. க்ரீப்பர் பூனையைக் கண்டால் 6 பிளாக் தூரத்துக்குள் வராது. மூன்று நாள் தூங்காமல் இருப்பவர்கள் மேல் வானத்திலிருந்து பாயும் பாண்டம் 16 பிளாக் தள்ளியே நிற்கும். பூனை உட்கார்ந்திருந்தாலும் இது வேலை செய்யும் என்பதுதான் முக்கியம், அதாவது வாசலில் ஒரு பூனையை உட்கார வைத்தால் அது சம்பளம் கேட்காத காவலாள். அரும்பாடுபட்டுக் கட்டிய சுவரில் க்ரீப்பர் ஓட்டை போட்டுப் பார்த்தவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

பழக்கப் பொறுமை வேண்டும். நாயைப் போல ஓடிப்போய் வாயில் திணிக்க முடியாது. பச்சை மீனைக் கையில் பிடித்துக்கொண்டு, குனிந்து, அசையாமல் நிற்க வேண்டும். பூனை இரண்டடி வரும், நிற்கும், உங்களையே பார்க்கும், மறுபடி வரும். அந்த நேரம் பார்த்து நீங்கள் திரும்பினால் ஓடிவிடும். சமைத்த மீனைத் திரும்பிக்கூடப் பார்க்காது. பழைய வீடியோக்களைப் பார்த்துவிட்டு அடர்காட்டில் ஆசலாட் என்ற காட்டுப்பூனை பின்னால் மீனோடு அலைபவர்கள் இன்றும் இருக்கிறார்கள். 2019-ல் வந்த 1.14-க்குப் பிறகு ஆசலாட் பூனையாக மாறாது, பூனை தனிப் பிராணி, கிராமத்துக்குப் போங்கள்.

இன்னொரு வரவும் உண்டு. நீங்கள் ராத்திரி முழுக்கத் தூங்கி எழுந்தால், எழுந்து நடமாடும் நிலையில் விடப்பட்ட பூனை நூற்றுக்கு எழுபது நாள் காலையில் எதையாவது கொண்டுவந்து போடும்: நூல், இறகு, முயல் தோல், முயல் கால், பச்சைக் கோழி, அழுகிய மாமிசம், எப்போதாவது பாண்டம் சவ்வு. எலிட்ரா என்ற பறக்கும் இறக்கையைச் சரிசெய்ய அந்தச் சவ்வு உதவும். பாண்டத்தையும் விரட்டி, அதன் சவ்வையும் கொண்டுவந்து தருகிற ஒரே பிராணி இதுதான்.

இங்கேதான் சிக்கல். பரிசு வேண்டுமென்றால் பூனையை உட்கார வைக்கக் கூடாது. உட்கார வைக்காத பூனை நேராகப் போய் உங்கள் பெட்டி மேல் ஏறி உட்காரும். பூனை உட்கார்ந்த பெட்டி திறக்காது. அடித்தால் பாவம், தள்ளினால் நகராது, மீனைக் காட்டினால் எழுந்து வரும், நீங்கள் பெட்டியைத் திறப்பதற்குள் பக்கத்துப் பெட்டியில் ஏறியிருக்கும். பெட்டிகளைத் தூக்கிவிட்டுப் பீப்பாய்க்கு மாறுங்கள். பீப்பாய் மேல் எது இருந்தாலும் திறக்கும், இடமும் ஒற்றைப் பெட்டிக்கு உள்ள அதே 27. இரட்டைப் பெட்டி மாதிரி ஒட்டவைக்க முடியாது என்ற குறை மட்டும் உண்டு. மொத்தக் கிடங்கையும் மாற்றும் மரச்செலவைப் பூனையின் விலையோடு சேர்த்துக்கொள்ளுங்கள்.

5 இதயம் கொஞ்சம்தான், ஆனால் உயரத்திலிருந்து விழுந்தால் பூனைக்கு அடிபடாது. வீட்டை விட்டுக் கூட்டிப்போகாதவரை அது சாவதற்குக் காரணமே அதிகம் இல்லை.

## குதிரை, கூடவே கழுதை

துணை என்று சொல்கிறோம், உண்மையில் இது வாகனம். வெறுங்கையோடு ஏறுங்கள், தூக்கி எறியும், மறுபடி ஏறுங்கள், இதயம் பறக்கும்வரை. சர்க்கரை, கோதுமை, ஆப்பிள் கொடுத்தால் சீக்கிரம் வழிக்கு வரும். சேணம் இல்லாமல் ஓட்ட முடியாது. பல வருடம் சேணத்தைச் செய்யவே முடியாமல், நிலவறைப் பெட்டிகளிலும் மீன்பிடியிலும் அதிர்ஷ்டத்தை நம்ப வேண்டியிருந்தது. 2025 ஜூனில் வந்த 1.21.6-லிருந்து 3 தோலும் 1 இரும்புக் கட்டியும் போதும். குதிரை வேண்டாம் என்று அந்தக் காலத்தில் முடிவெடுத்தவர்கள் மறுபடி யோசிக்கலாம்.

குதிரைக்குக் குதிரை வித்தியாசம் பெரிது. மெதுவானது நொடிக்கு 5 பிளாக்கைக்கூடத் தொடாது, அதைவிட நீங்கள் ஓடினாலே வேகம். நல்லது 14 பிளாக் போகும். நிறத்துக்கும் வேகத்துக்கும் சம்பந்தமே இல்லை. வெள்ளைக் குதிரைதான் வேண்டும் என்று காத்திருந்து ஒரு நொண்டியைப் பிடித்தவன் நான். ஆகவே முதலில் கிடைத்ததற்குச் சேணம் கட்டி நிறுத்திவிடாமல், நாலைந்தைப் பழக்கி, ஒவ்வொன்றையும் ஒரே தூரம் ஓட்டிப் பார்த்து எடுங்கள். குட்டி போட வைக்கத் தங்கக் கேரட் அல்லது தங்க ஆப்பிள் வேண்டும். கேரட்டுக்கு 8 தங்கத் துணுக்கு, ஆப்பிளுக்கு 8 தங்கக் கட்டி. இதில் எது மலிவு என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

மறைவான செலவுகள் எல்லாம் வழியில்தான். ஒரு பிளாக் அகலக் கதவில் நுழையாது. அடர்ந்த காட்டில் கிளை தட்டும். பழைய பதிப்புகளில் ஆழத் தண்ணீரில் உங்களை இறக்கிவிட்டுவிடும், கயிறு கட்டி இழுத்துக்கொண்டு போக வேண்டியிருந்தது. படகிலும் ஏறாது. இறங்கிக் குகைக்குள் போனால் உங்களைத் தேடி வராது. வேலியில் கட்டாமல் போனீர்கள் என்றால், திரும்பி வரும்போது அது எங்கே மேய்கிறது என்று குன்று குன்றாக ஏறிப் பார்க்க வேண்டும். ஒரு ஆறுதல், ஜாம்பியும் ஸ்கெலிட்டனும் குதிரையைக் குறிவைப்பதில்லை. க்ரீப்பர் உங்களைக் குறிவைத்து வெடிக்கும்போது குறுக்கே நின்றால்தான் போகும்.

பலர் தொடாத கழுதைதான் எனக்குப் பிடித்தது. குதிரையைவிட மெது, ஆனால் ஒரு பெட்டியை மாட்டினால் 15 இடம் கூடுதலாகக் கிடைக்கும். புது இடத்துக்கு வீடு மாற்றும்போது இதன் அருமை புரியும். குதிரையோடு சேர்த்தால் கோவேறுக் கழுதை பிறக்கும், பெட்டியும் சுமக்கும், வேகமும் கொஞ்சம் கூடும்.

## கிளி

அழகுக்குத்தான். அதைச் சொல்ல வெட்கப்பட வேண்டாம். விதைக்கு 10-ல் 1 வாய்ப்பு, அதனால் 20 விதை போட்டும் மசியாமல் இருக்க எட்டில் ஒரு பங்கு வாய்ப்பு இருக்கிறது. ஒரு அடுக்கு விதையோடு போங்கள். தோளில் உட்காரும், ஜூக்பாக்ஸ் போட்டால் ஆடும், பக்கத்தில் இருக்கும் எதிரிகளின் சத்தத்தை நடித்துக் காட்டும். இதை எச்சரிக்கை மணி என்று சிலர் புகழ்கிறார்கள். எனக்கென்னவோ, நிம்மதியாகத் தோட்டத்தில் நிற்கும்போது காதருகே க்ரீப்பர் சீறல் கேட்டு மூன்று முறை பள்ளத்தில் குதித்ததுதான் மிச்சம்.

3 இதயம்தான். அடி பட்டாலோ குதித்தாலோ தோளிலிருந்து இறங்கிவிடும். குட்டி போடாது, செத்தால் மறுபடி அடர்காட்டுக்குப் போக வேண்டும். குக்கீ மட்டும் கொடுத்துவிடாதீர்கள், உடனே செத்துவிடும். நிஜக் கிளிக்குச் சாக்லேட் விஷம் என்பதால் ஆட்டத்திலும் அப்படி மாற்றினார்கள்.

## நரி

நரியைப் பழக்க முடியாது, குட்டியின் நம்பிக்கையைத்தான் பெற முடியும். இரண்டு காட்டு நரிகளுக்குப் பதுங்கிப் போய் ஸ்வீட் பெர்ரி கொடுத்து இணைசேர்த்தால் பிறக்கும் குட்டி உங்களைக் கண்டு ஓடாது. ஆனால் தாய் தகப்பன் பின்னால் ஓடிவிடும், அதனால் உடனே கயிறு போட்டுப் பிரித்துக் கொண்டுவர வேண்டும், கல் நெஞ்சம் வேண்டும்.

அப்புறம் என்ன கிடைக்கும்? பகலில் தூங்கும். உட்கார் என்றால் உட்காராது. தாவி வராது. உங்களை அடித்தவனைக் கடிக்கும், அதோடு உங்கள் கோழிப் பண்ணையையும் காலி செய்யும். தரையில் போட்ட பொருளை வாயில் கவ்விக்கொள்ளும். இத்தனையும் தெரிந்து நரி வேண்டும் என்றால் வேலி போட்ட தனி இடம், கூரையோடு, கட்டிவிட்டுத் தொடங்குங்கள். இரண்டாவது, மூன்றாவது வளர்ப்புக்குச் சரி, முதலாவதற்கு வேண்டாம்.

## யாருக்கு எது

வீடு கட்டுவதும் பயிர் வைப்பதுமே உங்கள் ஆட்டம் என்றால் பூனை, யோசிக்கவே வேண்டாம், முடிந்தால் இரண்டு: ஒன்று வாசலில் உட்கார்ந்திருக்கட்டும், இன்னொன்று பரிசு கொண்டுவர எழுந்து திரியட்டும். பெரிய வெளியில் ஊர் சுற்றுகிறவர் என்றால் குதிரை, வீடு மாற்றும் எண்ணம் இருந்தால் கழுதை. தரைக்கு மேலே சண்டைக்குப் போகிறவருக்கு நாய், கவசத்தோடு. எப்போதும் சுரங்கத்திலேயே கிடக்கிறவர் நாய் வளர்த்தால், அது வீட்டில் உட்கார்ந்திருக்கும் நாய்தான் என்று முன்பே ஒத்துக்கொள்ளட்டும்.

தண்ணீருக்கடியில் அதிகம் வேலை இருந்தால் இந்த ஐந்தும் உதவாது. செடிகொடி அடர்ந்த லஷ் குகையிலிருந்து ஆக்சலாட்டில் என்ற நீர்ப்பிராணியை வாளியில் பிடித்து வாருங்கள், டிரவுண்ட், கார்டியன் என்ற நீர் எதிரிகளை அது பார்த்துக்கொள்ளும். ஆட்டத்தில் வெகுதூரம் வந்தவர்களுக்கு 1.21.6-ல் வந்த ஹேப்பி காஸ்ட் என்ற பறக்கும் பிராணி இருக்கிறது, நாலு பேரைச் சுமந்து பறக்கும், ஆனால் ஆடி அசைந்துதான் போகும். நெதர் என்ற பாதாள உலகத்திலிருந்து காய்ந்த காஸ்ட்டைக் கொண்டுவந்து தண்ணீரில் ஊறவைத்து வளர்க்க வேண்டும் என்பதால் முதல் வாரத்தில் அதைப் பற்றிப் பேசிப் பயனில்லை.

எதை எடுத்தாலும் சில்லறை விஷயங்கள் இரண்டு. பழக்கிய பிராணி தானாக மறைந்துபோகாது, அது காணாமல் போகும் என்று பயந்து பெயர்ச்சீட்டைச் செலவழிக்க வேண்டாம், ஆசைக்குப் பெயர் வைப்பதென்றால் வையுங்கள். நெதருக்குப் போகும்போது நாயும் பூனையும் வழக்கம்போலத் தாவி வந்துவிடும் என்று எண்ணாதீர்கள், அந்த உலகத்துக்கு அவை தாமாகத் தாவாது. ஆனால் போர்ட்டல் (அந்த உலகத்துக்குப் போகும் வாசல்) பக்கத்தில் நின்றால் கால் தடுக்கி உள்ளே போக வாய்ப்புண்டு. அதனால் கிளம்பும்முன் அவற்றைப் போர்ட்டல் அறையில் உட்கார வைக்காமல், அடுத்த அறையில், கதவைச் சாத்திவிட்டு உட்கார வையுங்கள்.